சித்திரமும் சிற்றிலும்

குழந்தை விளையாடுவதைத் தடுப்பதற்கு நம்மிடம் காரணங்களுக்குப் பஞ்சமே இல்லை. வெயில் அடித்தால் வெயில் ஒரு காரணம். மழை பெய்தால் மழை ஒரு காரணம். இரண்டும் இல்லையென்றால் வீட்டுப்பாடம் இருக்கவே இருக்கிறது. சட்டை புதிது என்றால் அழுக்காகிவிடும் என்கிறோம். பழையது என்றால் கிழிந்துவிடும் என்கிறோம். புதரில் பாம்பு இருக்கிறது, குளத்தில் ஆழம் இருக்கிறது, சாலையில் லாரி வருகிறது. இவற்றில் எதுவும் முழுப் பொய்யன்று. ஆயினும், இவற்றையெல்லாம் ஒன்று சேர்த்துப் பார்த்தால், குழந்தை விளையாடுவதற்கு உலகில் இடமும் இல்லை, நேரமும் இல்லை என்று ஆகிவிடுகிறது.

நான் முப்பது ஆண்டுகளுக்கு மேல் பள்ளி ஆசிரியனாகப் பணியாற்றி ஓய்வு பெற்றவன். இக்காரணங்கள் அனைத்தையும் என் வாயால் சொல்லியிருக்கிறேன். விளையாட்டுக்கென்று கால அட்டவணையில் ஒதுக்கியிருந்த பாடவேளையைக் கணக்குப் பாடத்திற்காக எத்தனையோ முறை கடன் வாங்கினேன். ஒரு முறையேனும் திருப்பிக் கொடுத்ததில்லை. அந்தக் கடன் இன்றும் என் பெயரில் நிற்கிறது. இன்றைய பேச்சை அதற்கு ஒரு சிறு வட்டியாக ஏற்றுக்கொள்ளுமாறு கேட்டுக்கொள்கிறேன்.

திருச்சிராப்பள்ளியிலிருந்து திண்டுக்கல் செல்லும் சாலையில், மணப்பாறையைத் தாண்டி உள்ளது எங்கள் வையம்பட்டி. இங்கிருந்து ஏறத்தாழ ஐம்பது கிலோமீட்டர் தொலைவு. காவிரிக் கரையின் பசுமையை எங்கள் பக்கத்தில் எதிர்பார்க்க முடியாது. மானாவாரி நிலம், மழை பெய்தால் சோளமும் கடலையும், பெய்யாவிட்டால் ஆடும் மாடும். ஆனால் ஒரு செல்வம் எங்களுக்கு உண்டு. அது வெற்றிடம். அறுப்பு முடிந்த களம், ஊர்ப் பொதுமந்தை, நீர் வற்றிய குளத்தின் உள்வாய் என்று பிள்ளைகள் ஓடியாடக் கடவுள் தந்த இடம் எங்கள் ஊரில் ஏராளம். இடம் இருக்கிறது, பிள்ளைகளைத்தான் அங்கே காணோம் என்பதே இன்றைய குறை.

“பிள்ளைகள் எங்கே?” என்று கேட்டால், ஊரார் அனைவரும் ஒரே திசையில் விரலைக் காட்டுகிறார்கள். “எல்லாம் அந்தப் பொம்மைப்படத்தின் முன்னால்தான் உட்கார்ந்திருக்கின்றன” என்கிறார்கள். கார்ட்டூன் என்று நகரத்தார் சொல்வதையே எங்கள் ஊர்ப் பெரியவர்கள் பொம்மைப்படம் என்பார்கள். நான் அதைச் சித்திரப்படம் என்று குறிப்பிடுகிறேன். இந்தச் சித்திரப்படத்தைக் குற்றவாளிக் கூண்டில் ஏற்றித் தண்டனை வழங்குவது எளிது. நானும் ஒரு காலத்தில் அவ்வாறு தண்டனை வழங்கியவனே. பிறகு என் தீர்ப்பை நானே மாற்றிக்கொள்ள நேர்ந்தது. அது எவ்வாறு நேர்ந்தது என்பதைச் சொல்லத்தான் வந்திருக்கிறேன்.

முதலில் இந்தக் கலையைப் பற்றிச் சிறிது கூற வேண்டும். ஓவியம் தானாக அசைவதில்லை. சிறிது சிறிதாக மாறுபட்ட பல ஓவியங்களை, ஒரு வினாடிக்கு 24 சட்டங்கள் வீதம் கண் முன்னே ஓடவிட்டால், கண் ஏமாறுகிறது, ஓவியம் நடக்கிறது. ஏழு நிமிடம் ஓடும் ஒரு படத்தில் பத்தாயிரத்திற்கும் மேற்பட்ட சட்டங்கள் இருக்கும். இத்தனை உழைப்பும் எதற்காக? ஒரு பூனை வழுக்கி விழுவதற்காக! 1928-ஆம் ஆண்டு வால்ட் டிஸ்னியின் மிக்கி எலி, ஒலியுடன் கூடிய படத்தில் தோன்றி உலகைச் சிரிக்க வைத்தது. 1940-ஆம் ஆண்டு ஹன்னா, பார்பரா என்னும் இருவர் டாம் என்ற பூனையையும் ஜெர்ரி என்ற எலியையும் ஓடவிட்டனர். அவ்விரண்டின் துரத்தல் ஏழு ஆஸ்கார் பரிசுகளைப் பெற்றது. நம் நாட்டிலும் திரைப்படப் பிரிவு என்னும் அரசு நிறுவனம் 1957-ஆம் ஆண்டு புத்த ஜாதகக் கதையொன்றை, ‘ஆலமரத்து மான்’ என்னும் பொருள்பட, சித்திரப்படமாக எடுத்தது. அப்பொழுதெல்லாம் எங்கள் ஊர்ப் பிள்ளைகள் இவற்றைக் கண்டதில்லை. மணப்பாறைக் கொட்டகையில் பெரிய படத்திற்கு முன்னால் எதையேனும் காட்டினால் உண்டு.

பின்னர்க் காலம் விரைந்து ஓடியது. 2006-ஆம் ஆண்டு முதல் தமிழக அரசு வண்ணத் தொலைக்காட்சிப் பெட்டிகளை இலவசமாக வழங்கியது. 2007-ஆம் ஆண்டு சுட்டி டிவி தமிழிலேயே குழந்தைகளுக்கென ஒளிபரப்பத் தொடங்கியது. ஐதராபாத்திலிருந்து ராஜீவ் சிலகா என்பவர் உருவாக்கிய ‘சோட்டா பீம்’ 2008-ஆம் ஆண்டு வந்தான். லட்டு தின்று மலையைப் பெயர்த்தான். அதன்பின் கைப்பேசி வந்தது. 2020-ஆம் ஆண்டுப் பெருந்தொற்றுக் காலத்தில் பள்ளிகள் மூடப்பட்டன. பாடத்திற்கென்று பிள்ளை கையில் கொடுத்த கைப்பேசி, பாடம் முடிந்த பிறகும் பிள்ளை கையிலேயே தங்கிவிட்டது.

இந்தப் படங்களில் குழந்தைக்கு என்ன இன்பம்? நான் பல நாள் அருகில் அமர்ந்து பார்த்தேன். மூன்று இன்பங்கள் எனக்குப் புலப்பட்டன. முதலாவது, விழுந்தவன் எழுந்துவிடுகிறான். பூனை கதவிடுக்கில் அகப்பட்டு அப்பளம் போல் தட்டையாகிறது. அடுத்த நொடியில் உடம்பை உதறிக்கொண்டு நிற்கிறது. விழுவதற்கே அஞ்சிக்கொண்டிருக்கும் சிறு பிள்ளைக்கு இதைவிட ஆறுதலான செய்தி வேறு எது? இரண்டாவது, பெரியவன் தோற்கிறான், சிறியவன் வெல்கிறான். நாள் முழுதும் பெரியவர்களிடம் தோற்றுக்கொண்டிருக்கும் குழந்தைக்கு இது பெருவிருந்து. நம் பாட்டிமார் சொன்ன சிங்கமும் முயலும் கதையும், தெனாலிராமன் கதையும் இதே விருந்தைத்தான் படைத்தன. மூன்றாவது, வீட்டார் அனைவரும் கூசாமல் சேர்ந்து சிரிக்க முடிகிறது. பேரனும் நானும் ஒரே நேரத்தில் ஒரே காரணத்திற்காகச் சிரித்த நாள்களை எண்ணிப் பார்த்தால், அவற்றில் பெரும்பாலானவை டாமும் ஜெர்ரியும் தந்தவையே. அவை பேசுவதே அரிது. ஆகையால் மொழி தெரியாத குறை எங்கள் இருவருக்கும் இல்லை.

சிரிப்பு நல்லதுதான். ஆனால் சிரித்து முடித்தபின் அந்தப் பிள்ளை என்ன செய்கிறது? இக்கேள்வியை நான் நெடுநாள் கேட்கவே இல்லை. கேட்க வைத்தது ஒரு குழாய்.

2022-ஆம் ஆண்டுக் கோடை விடுமுறை. என் பேரனுக்கு அப்பொழுது ஒன்பது வயது. எங்கள் தெருவின் கோடியில், மந்தைக்கு அருகே, குடிநீர்க் குழாய் பதிப்பதற்காகச் சில பெரிய குழாய்களைக் கொண்டுவந்து இறக்கியிருந்தார்கள். குனிந்தால் ஒரு சிறுவன் உள்ளே புகுந்துவிடலாம், அவ்வளவு பருமன். ஒரு நாள் மாலை நான் அவ்வழியே வரும்போது, ஐந்தாறு பிள்ளைகள் குழாயைச் சுற்றி நின்று கூச்சலிட்டுக்கொண்டிருந்தார்கள். என் பேரனின் கால்கள் இரண்டு மட்டும் குழாயின் வாயில் தெரிந்தன. நான் பார்த்துக்கொண்டிருக்கும்போதே அவையும் உள்ளே மறைந்தன.

நேயர்களே, எங்கள் பகுதியில் உள்ள ஒருவருக்கு, ஒரு குழந்தை ஒரு துளைக்குள் மறைவதைக் கண்டால் என்ன நேரும் என்பதை நீங்கள் அறிவீர்கள். 2019-ஆம் ஆண்டு அக்டோபர் 25-ஆம் நாள் மாலை, மணப்பாறையை அடுத்த நடுக்காட்டுப்பட்டியில், விளையாடிக்கொண்டிருந்த இரண்டு வயதுக் குழந்தை ஒன்று பயன்படாதிருந்த ஆழ்துளைக் கிணற்றில் விழுந்தது. ஏறத்தாழ எண்பது மணி நேரம் மீட்புப் பணி நடந்தது. தமிழகமே தொலைக்காட்சியின் முன் கண்ணீருடன் அமர்ந்திருந்தது. சாதி சமய வேறுபாடின்றி வேண்டிக்கொண்டது. 29-ஆம் நாள் விடியுமுன் அந்த நம்பிக்கை அணைந்தது. அந்தக் குழந்தை எங்கள் வீட்டுக் குழந்தையன்று. ஆயினும் எங்கள் பகுதியில் அதைத் தம் வீட்டுக் குழந்தையாக எண்ணாத தாய் ஒருத்தியும் இல்லை. அன்று முதல் எங்கள் ஊர்களில் பல கதவுகள் மாலை வேளையிலும் சாத்தியே இருந்தன. “வெளியே போகாதே; உள்ளே உட்கார்ந்து படம் பார்” என்று சொல்லிக் கைப்பேசியைக் கையில் கொடுத்தவர்கள் சோம்பலால் கொடுக்கவில்லை; அச்சத்தால் கொடுத்தார்கள்.

அந்த அச்சம் என் தொண்டையில் வந்து நின்றது. நான் கத்திய கத்தலில் மந்தையில் படுத்திருந்த ஆடுகள் எழுந்து ஓடின. பேரன் குழாயின் மறுமுனை வழியே வெளியே வந்தான். மற்றப் பிள்ளைகள் மூலைக்கொருவராகச் சிதறினார்கள். அவன் கையைப் பற்றித் தரதரவென்று வீட்டிற்கு இழுத்து வந்தேன். வழியில் அவன் அழவில்லை. வாசற்படியில் நின்று ஒன்றே ஒன்று சொன்னான்: “தாத்தா, அது ரெண்டு பக்கமும் திறந்த குழாய்.”

அன்றிரவு அவன் வழக்கம்போல் தொலைக்காட்சியின் முன் அமர்ந்தான். சிரிப்பு வரவில்லை, பார்த்துக்கொண்டு மட்டும் இருந்தான். நானும் பார்த்தேன். தமிழ் பேசும் அந்த நீலப் பூனை, டோரேமான், திரையில் வந்தது. 1969-ஆம் ஆண்டு இறுதியில் ஜப்பானியச் சிறுவர் இதழ்களில் பிறந்து, பின் திரைக்கு வந்த பூனை அது. எதிர்காலத்திலிருந்து வந்த எந்திரப் பூனை. வயிற்றுப் பையில் வேண்டியதெல்லாம் வைத்திருக்கும். இவற்றை நான் முன்பே அறிவேன். ஆனால் அன்றுதான் வேறொன்று கண்ணில் பட்டது. நோபிதா என்னும் சிறுவனும் அவன் தோழர்களும் கூடும் இடம் ஒரு வெற்று மனை. அங்கே மூன்று சிமெண்டுக் குழாய்கள் அடுக்கிக் கிடக்கின்றன. பிள்ளைகள் அவற்றின்மேல் அமர்ந்து பேசுகிறார்கள், உள்ளே ஒளிகிறார்கள், முரடனான ஜியான் அவற்றின்மேல் ஏறி நின்று, கேட்பவர் காதைப் பொத்திக்கொள்ளும்படி பாடுகிறான். படத்தை வரைந்தவர்கள் அரண்மனையை வரையவில்லை. ஆடம்பரப் பூங்காவை வரையவில்லை. வெற்று மனையையும் மூன்று குழாய்களையும் வரைந்தார்கள். ஜப்பானின் பெருநகரங்களில் அத்தகைய வெற்று மனைகள் இன்று அருகிவிட்டன. படத்தில் மட்டும் அது அழியாமல் இருக்கிறது.

“மந்தையில் இதைத்தான் விளையாடினாயா?” என்று கேட்டேன்.

“ஆமாம், தாத்தா. நான் நோபிதா. குழாய்க்குள்ளே போனா அடுத்த பக்கம் பத்து வருசம் கழிச்சு வரலாம். நீங்க வந்ததும் எல்லாம் இன்னைக்கே ஆயிடுச்சு” என்றான்.

முப்பதாண்டு ஆசிரியப் பணியில் எனக்கு இப்படி ஒரு பாடத்தை யாரும் நடத்தியதில்லை. திரையில் இருந்தவர்கள் விளையாடிக்கொண்டிருந்தார்கள். அவர்களைக் கண்டு என் பேரனும் விளையாடச் சென்றான். நான் அவனை இழுத்து வந்து, மற்றவர் விளையாடுவதை மட்டும் பார்க்கும்படி அமர்த்திவிட்டேன். குற்றவாளி பொம்மைப்படமன்று, குற்றவாளி நான்.

ஒரு சித்திரப்படம் நல்லதா, தீயதா என்பதை அறிய எனக்கு அன்று ஓர் உரைகல் கிடைத்தது. படம் முடிந்தபின் குழந்தை எழுந்து ஓடுகிறதா, அடுத்த படத்திற்குக் காத்திருக்கிறதா என்பதே அது. எழுந்து ஓடினால் அந்தப் படம் விதை. காத்திருந்தால், படம் எவ்வளவு நயமாக இருந்தாலும், அது கொறிக்கும் பண்டமே. ஆனால் விதை முளைப்பதற்கு மண் வேண்டும். மண்ணை மறுத்துவிட்டு, விதை முளைக்கவில்லை என்று விதையைக் குறை கூறுவது முறையாகாது.

படத்தால் செய்ய இயலாத ஒன்றையும் இங்கே எடுத்துச் சொல்ல வேண்டும். சுட்டி டிவியில் டோரா என்னும் சிறுமி வருவாள். நடுவே நின்று, குழந்தைகளை நோக்கி ஒரு கேள்வி கேட்டுவிட்டு, விடைக்காகக் காத்திருப்பாள். என் பேத்தி மூன்று வயதில் பெட்டியின் முன் நின்று உரத்த குரலில் விடை சொல்வாள். டோராவும் மகிழ்ச்சியடைவாள். ஒரு நாள் பேத்தி தவறான விடையைச் சொன்னாள். அப்போதும் டோரா மகிழ்ச்சியே அடைந்தாள்! பெட்டிக்குக் காது இல்லை. மந்தையிலுள்ள தோழனுக்குக் காது உண்டு, கோபமும் உண்டு. “இது கள்ளாட்டம், நான் வரமாட்டேன்” என்று அவன் போய்விடுவான். அவனை மீண்டும் அழைத்துவர வேண்டும். விதியைப் பேசித் திருத்த வேண்டும். சிறியவனுக்கு ஒரு சலுகை தர வேண்டும். தோற்றவன் அழுதால் சிரிக்காமல் இருக்க வேண்டும். ஒரு மாலைப் பொழுதில் பிள்ளைகள் கிட்டிப்புள் ஆடுவதைவிட, அதன் விதிகளைப் பற்றிச் சண்டையிடும் நேரமே மிகுதி என்பதை நீங்கள் கண்டிருப்பீர்கள். அது வீண் நேரமன்று. சட்டம் என்பது என்ன, நீதி என்பது என்ன, பிறனும் தன்னைப் போன்றவன் என்பது என்ன என்பதை மனிதன் முதன்முதலில் கற்கும் பள்ளி அதுவே. அங்கே ஆசிரியர் இல்லை என்பதுதான் அதன் சிறப்பு.

இஃது இன்று நேற்றுத் தோன்றிய கருத்தன்று. நம் முன்னோர் பிள்ளைத்தமிழ் என்று ஓர் இலக்கிய வகையையே படைத்தார்கள். பன்னிரண்டாம் நூற்றாண்டில் ஒட்டக்கூத்தர் குலோத்துங்க சோழன்மீது பாடியது முதல் எத்தனையோ பிள்ளைத்தமிழ் நூல்கள் நம்மிடம் உண்டு. குழந்தைப் பருவத்தை அவர்கள் பத்தாகப் பகுத்தார்கள். ஆண்பால் பிள்ளைத்தமிழில் கடைசி மூன்று பருவங்கள் யாவை? சிற்றில், சிறுபறை, சிறுதேர். மூன்றும் விளையாட்டு! எழுத்தறிவித்தல் என்று ஒரு பருவம் இல்லை. அரசனாக ஆளப்போகிறவனும், இறைவனாக வணங்கப்படுகிறவனும் தேர் உருட்டியே வளர வேண்டும் என்பது நம் புலவர்களின் துணிபு. பட்டினப்பாலையில், காவிரிப்பூம்பட்டினத்து வீட்டு முற்றத்தில் சிறுவர் மூன்று உருளை பூட்டிய சிறு தேரை உருட்டிச் செல்லும் காட்சி உண்டு. அதே தேரை எங்கள் ஊரில் நுங்கு தின்று எறிந்த பனங்காயில் கவைக் குச்சியைச் செருகிப் பிள்ளைகள் செய்துகொண்டார்கள். செலவு ஒன்றுமில்லை.

சிற்றில் என்பது பெண் குழந்தைகள் மணலில் கட்டும் சிறு வீடு. அரங்கன் திருவடி சேர்ந்த ஆண்டாள், நாச்சியார் திருமொழியில் ஒரு பதிகம் முழுவதையும் இதற்கென்றே பாடியிருக்கிறாள். முதுகு நோவ, பகலெல்லாம் பாடுபட்டுக் கட்டிய சிற்றிலைக் கண்ணன் வந்து அழித்துவிடலாகாது என்பதே ஆயர் சிறுமியரின் முறையீடு. கண்ணன் அழித்தால் அஃது அன்பின் விளையாட்டு. மந்தையில் பிள்ளைகள் கட்டிய சிற்றிலை என்னைப் போன்ற பெரியவர்கள் அழிப்பதற்கு அத்தகைய பெருமை எதுவும் இல்லை.

உலகமும் இவ்வழியே வந்திருக்கிறது. ஜெர்மனியில் 1837-ஆம் ஆண்டு சிறுவர் பள்ளியொன்றைத் தொடங்கிய ஃப்ரோபெல் என்னும் அறிஞர், பின்பு அதற்குக் ‘குழந்தைகள் தோட்டம்’ என்னும் பொருள்படப் பெயரிட்டார்; விளையாட்டே குழந்தையின் மெய்யான வேலை என்று நம்பினார். மரியா மாண்டிசோரி அம்மையார் 1939-ஆம் ஆண்டு சென்னை அடையாற்றுக்கு வந்து, இரண்டாம் உலகப் போரின்போது நமக்கு அண்மையிலுள்ள கொடைக்கானலில் தங்கிச் சிறுவர்களிடையே பணியாற்றினார். குழந்தை தன் கையால் தொட்டுத் தானே கண்டறிய வேண்டும் என்பது அவர் கொள்கை. 1989-ஆம் ஆண்டு ஐக்கிய நாடுகள் அவை நிறைவேற்றிய குழந்தை உரிமை உடன்படிக்கை, தன் 31-ஆம் பிரிவில் விளையாட்டைக் குழந்தையின் உரிமையாகவே ஏற்றது. இந்தியா 1992-ஆம் ஆண்டு அதில் இணைந்தது. 2024-ஆம் ஆண்டு முதல் ஜூன் 11-ஆம் நாள் உலக விளையாட்டு நாளாகக் கொண்டாடப்படுகிறது. மூன்று, நான்கு வயதுப் பிள்ளைகள் நாள்தோறும் மூன்று மணி நேரமாவது ஓடியாட வேண்டும். அமர்ந்து திரை பார்ப்பது ஒரு மணி நேரத்தைத் தாண்டலாகாது என்று உலக நலவாழ்வு நிறுவனம் 2019-ஆம் ஆண்டு அறிவுறுத்தியது. நம் வீடுகளில் இவ்விரண்டு எண்களும் இடம் மாறிக் கிடக்கின்றன.

சித்திரப்படக் கலைஞர்களே இதை உணர்ந்திருக்கிறார்கள் என்பதற்கு மற்றொரு சான்று உண்டு. ஆஸ்திரேலியாவில், பிரிஸ்பேன் நகரில் உருவாகி 2018-ஆம் ஆண்டு வெளிவந்த ‘ப்ளூயி’ என்னும் தொடர், ஒரு நாய்க் குடும்பத்தின் கதை. ஒவ்வொரு கதையும் ஏறத்தாழ ஏழு நிமிடம். அதில் அரக்கர் இல்லை, சண்டை இல்லை, பெரும்பாலும் இரண்டு பெண் குழந்தைகள் விளையாடுகிறார்கள், தாயும் தந்தையும் அந்த விளையாட்டில் அகப்பட்டுக்கொண்டு விழிக்கிறார்கள். அவ்வளவே நகைச்சுவை. ஒரு கதையில் ஒரு பலூன் தரையைத் தொடலாகாது என்பதுதான் ஆட்டம். அந்தப் பலூனுக்காக வீடே அல்லோலகல்லோலப்படுகிறது. உலகெங்கும் கோடிக்கணக்கான மக்கள் அத்தொடரைக் கண்டு களித்தார்கள். எனினும், பலூன் ஒன்றை வாங்கிக் கொடுத்துவிட்டுப் பெட்டியை அணைத்துவிட்டால், அந்தப் படத்தை எடுத்தவர்கள் நம்மீது வருத்தம் கொள்ளமாட்டார்கள் என்றே நான் கருதுகிறேன்.

இனி, என் கதையின் மிச்சத்தைச் சொல்லி முடிக்கிறேன். மறுநாள் காலை நான் மந்தைக்குச் சென்றேன். அச்சம் என்னை விட்டுப் போய்விடவில்லை, போகவும் கூடாது. நடுக்காட்டுப்பட்டியை மறந்துவிட்டு, பிள்ளைகளைக் கண்ட இடத்தில் ஓடவிடுங்கள் என்று சொல்பவன் நானல்லன். ஆனால் அச்சத்தைக் குழந்தையின்மீது இறக்கி வைக்கலாகாது. நிலத்தின்மீது இறக்கி வைக்க வேண்டும். குழாய்களைப் பார்த்தேன். உள்ளே புகுவதில் ஆபத்தில்லை. அவை உருண்டால்தான் ஆபத்து. நாங்கள் நான்கு பெரியவர்கள் சேர்ந்து, அவற்றின் இருபுறமும் கனத்த கற்களை அண்டை கொடுத்து அசையாமல் செய்தோம். பிறகு மந்தையின் நாற்புறமும் நடந்து பார்த்தோம். வேலி ஓரத்தில் ஒரு தோட்டத்தின் எல்லையில், தண்ணீர் வற்றிக் கைவிடப்பட்ட ஆழ்துளைக் கிணறு ஒன்று இருந்தது. அதன் வாயில் ஒரு சாக்கு. சாக்கின்மேல் ஒரு கல். ஆண்டுக்கணக்கில் அவ்வழியே நடந்திருக்கிறேன், அன்றுதான் கண்டேன்.

கைவிட்ட ஆழ்துளைக் கிணறுகளை அடியிலிருந்து தரைமட்டம் வரை மண்ணும் மணலும் கல்லும் இட்டு நிரப்ப வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் 2010-ஆம் ஆண்டே நெறிமுறை வகுத்துவிட்டது. நெறிமுறை தில்லியில் இருந்தது. சாக்கு எங்கள் மந்தையில் இருந்தது. தோட்டக்காரரிடம் சென்று சொன்னோம். அவர் நல்லவர். “நானும் நாளைக்கு நாளைக்குன்னே இருந்துட்டேன், வாத்தியாரய்யா” என்று தலை குனிந்தார். அன்று மாலைக்குள் மண் அடித்து மூடினார். மூட வேண்டியது கிணற்றைத்தான்; குழந்தையை அன்று. இதை உணர எனக்கு மூன்று ஆண்டுகள் ஆயின.

அதன்பின் பிள்ளைகளை நானே அழைத்தேன். முதலில் வரவில்லை, என் குரலின்மீது அவர்களுக்கு நம்பிக்கை இல்லை. நான் மந்தையை விட்டு விலகி, வேப்பமரத்தடித் திண்ணையில் செய்தித்தாளை விரித்துக்கொண்டு அமர்ந்தபின் ஒவ்வொருவராக வந்தார்கள். சிறு பிள்ளைகளுக்குக் காவல் வேண்டும். ஆனால் அது கண் காவலாக இருக்க வேண்டும். வாய்க் காவலாக இருக்கக் கூடாது. அன்று முதல் மாலைதோறும் செய்தித்தாள் எனக்கு ஒரு திரை. அதன் மேல்விளிம்புக்கு மேலே நான் கண்ட காட்சிகளுக்கு எந்தப் படமும் ஈடில்லை.

ஒரு நாள் அங்கே மணப்பாறை மாட்டுச் சந்தை கூடியது. குழாய் ஒவ்வொன்றும் ஒரு லாரி. நான்கு சிறுவர் மாடுகள். ஒருவன் தரகன். மாட்டின் வாயைத் திறந்து பல்லைப் பார்த்தான். வாலைத் தூக்கிப் பார்த்தான். மாடு கூச்சத்தால் சிரித்துவிட்டது. “சிரிக்கிற மாட்டுக்கு விலை குறைவு” என்று வாங்குபவன் அறிவித்தான். பிறகு, சந்தையில் பெரியவர்கள் செய்வதைப் போலவே, ஒரு துண்டைக் கைகளின்மேல் போட்டுக்கொண்டு, உள்ளே விரலைப் பிடித்து மறைவாக விலை பேசினார்கள். விலை படியவில்லை. அப்பொழுது மாடுகளில் ஒன்று எழுந்து நின்று, தான் மாடன்று, டோரேமான் என்று சொல்லி, வயிற்றிலிருந்து ஒரு வேப்பிலையை எடுத்து நீட்டியது. அதைத் தலையில் வைத்துக்கொண்டால் பறக்கலாமாம். சந்தை முழுதும் வேப்பிலையைத் தலையில் வைத்துக்கொண்டு மந்தையைச் சுற்றிப் பறந்தது. தரகன் மட்டும் பின்னால் ஓடினான். அவனுக்குத் தரகு வரவில்லை.

ஜப்பானியப் பூனையும் மணப்பாறைக் காளையும் ஒரு கதையில் சேர முடியும் என்று உலகில் எந்தச் சித்திரக்காரன் எண்ணியிருப்பான்? வையம்பட்டி மந்தையில் அரைமணி நேரத்தில் சேர்ந்துவிட்டன. அதற்குத் தாள் வேண்டியதில்லை, வண்ணம் வேண்டியதில்லை, மின்சாரமும் வேண்டியதில்லை. பத்தாயிரம் சட்டங்களில் ஏழு நிமிடம் உயிர் பெறும் கலை, பிள்ளைகளின் உடம்பில் ஒரு மாலை முழுதும் உயிரோடு உலவியது.

சில திங்களில் அந்தக் குழாய்கள் மண்ணுக்குள் சென்றுவிட்டன. ஊருக்குத் தண்ணீர் வந்தது. பிள்ளைகளுக்கு வருத்தம், ஆனால் விளையாட்டு நிற்கவில்லை. குழாய் கிடந்த இடத்தில் மூன்று கோடுகளைக் கீறிக்கொண்டு, அவற்றையே குழாய்கள் என்று வைத்துக்கொண்டார்கள். கோட்டை மிதித்தவன் குழாயிலிருந்து விழுந்தவன் ஆனான்.

ஆதலால், என்னைப் போன்ற தாத்தா பாட்டிமாருக்கும், தாய் தந்தையர்க்கும் நான் வேண்டிக்கொள்வது அதிகமில்லை. உங்கள் பிள்ளை சித்திரப்படம் பார்க்கும்போது ஒரு நாளாவது அருகில் அமர்ந்து, அவன் எதற்குச் சிரிக்கிறான் என்று பாருங்கள். படம் முடிந்ததும் கதவைத் திறந்துவிடுங்கள். ஆனால் கதவைத் திறப்பதற்கு முன் ஒரு முறை நீங்களே வெளியே சென்று, நிலத்தை நடந்து பாருங்கள். சாக்கு மூடிய வாய் எதுவும் கிடக்கிறதா என்று காலால் தட்டிப் பாருங்கள். பள்ளி ஆசிரியர்களாக உள்ள நண்பர்களே, விளையாட்டுப் பாடவேளையைக் கடன் கேட்காதீர்கள். அந்தக் கடனைப் பிற்காலத்தில் திருப்பிக் கொடுக்க வழியே இல்லை என்பதை, அனுபவத்தால் அறிந்தவன் சொல்கிறேன்.

இதை நான் பேசி முடிக்கும் நேரம் மாலைப் பொழுது. எங்கள் மந்தையில் இன்று எந்தச் சந்தை கூடியிருக்கிறதோ, எந்தப் பூனை பறக்கிறதோ, நான் அறியேன். நான் இல்லாததால் வேப்பமரத்தடியில் வேறொரு பெரியவர் செய்தித்தாளோடு அமர்ந்திருப்பார். ஊரில் இப்பொழுது அதற்கு முறை வைத்துக்கொண்டிருக்கிறோம்.